ஊட்டுக்குள்ள வாங்க

திருப்பூரில் நெருப்பெரிச்சல் போகிற வழியில் நான் வழக்கமாக வண்டியை நிறுத்தும் பேக்கரி ஒன்று உண்டு. போன வாரம் அங்கே டீயும் தேங்காய் பன்னும் வாங்கிக்கொண்டு உட்கார்ந்தேன். பக்கத்து மேசையில், கழுத்தில் கம்பெனி அட்டை தொங்க இரண்டு பேர் ஒரே போனைப் பார்த்துச் சிரித்துக்கொண்டிருந்தார்கள். யாரோ விளையாடிப் பதிவு செய்து போட்ட துப்பாக்கிச் சண்டை விளையாட்டு. தடதடவென்று காலடிச் சத்தம், வெடிச் சத்தம், நடுவில் ஒருவன் "டேய் பின்னாடி, பின்னாடி" என்று தொண்டை கிழியக் கத்துகிறான். கடித்த பன்னை அப்படியே வைத்துவிட்டு எழுந்து வெளியே வந்துவிட்டேன். கடைக்காரர் பின்னாலேயே ஓடி வந்தார்.

"ஏனுங்க, பன்னு சரியில்லீங்களா?"

"பன்னு நல்லாத்தானுங்க இருக்குது" என்றேன். மனுசன் நம்பவில்லை. இப்போது அந்தப் பேக்கரிக்குப் போகவும் ஒரு மாதிரி கூச்சமாக இருக்கிறது.

விஷயம் பன்னு இல்லை, என் கூட்டாளி செல்வின். அவனைப் பற்றிச் சொல்லாமல் இதை விளக்க முடியாது, கொஞ்சம் பொறுத்துக்கொள்ளுங்கள்.

எனக்குக் குன்னத்தூர். டிப்ளமோ முடித்துவிட்டு ஒரு பனியன் கம்பெனியில் சாம்பிள் பிரிவில் சேர்ந்தேன். ஆர்டர் வருவதற்கு முன்னால் வெளிநாட்டுக்காரனுக்குக் காட்ட ஒன்றிரண்டு உருப்படி தைத்து அனுப்புவோமே, அந்தப் பிரிவு. செல்வின்தான் தைப்பான், நான் டேப்பைப் போட்டு அளந்து குறை சொல்வேன். அவனுக்குத் திருநெல்வேலிப் பக்கம் திசையன்விளை. என் வயதுதான். ஆனால் எங்கள் பக்கத்துப் பழக்கம் உங்களுக்குத் தெரியுமே, நாய்க்குட்டியைக்கூட "அக்கட்டால போங்க" என்று மரியாதையாக விரட்டுகிற ஊர். நான் அவனைப் பேர் சொல்லிக் கூப்பிட்டதே கிடையாது. "ஏனுங்க, கழுத்துப் பட்டி கோணையா இருக்குதுங்க" என்றுதான் ஆரம்பிப்பேன். சேர்ந்த புதிதில் ஒருநாள் மிஷினை நிறுத்திவிட்டு என்னிடம் வந்தான். முகம் வாடியிருந்தது.

"என்மேல என்ன கோவம் வே? எங்க ஊர்ல கூட்டாளிகிட்ட சண்ட போட்டாத்தான் 'வாங்க போங்க'ம்போம்."

அட சாமி, அது கோபமில்லை, எங்களுக்கு வாய் அப்படித்தான் என்று புரியவைப்பதற்குள் ஒரு டீ டைம் முடிந்துவிட்டது. அதற்கப்புறம் அவனுக்கு என் "ங்க" விளையாட்டுச் சாமான் ஆகிவிட்டது.

அயர்ன் மேசையிலிருந்து நீராவி கிளம்பும்போது சாயத் துணியில் ஒரு வாசனை வரும். வேகவைத்த கடலைக்கும் மருந்துக் கடைக்கும் நடுவில் ஏதோ ஒன்று. இன்றைக்கும் அந்த வாசனை வந்தால் எனக்கு மதியச் சாப்பாட்டு நேரம்தான் ஞாபகம் வரும். சாப்பிட்டுக் கை கழுவியதும் துணி ரோல்கள் அடுக்கிய இடத்துக்குப் போய்ச் சாய்ந்துகொள்வோம். மற்றவர்கள் போனை வாசல் கேட்டிலேயே பெட்டியில் போட்டுவிட்டு வரவேண்டும். சாம்பிள் பிரிவுக்கு மட்டும் விலக்கு, ஏனென்றால் தைத்த உருப்படியைப் படம் பிடித்து உடனுக்குடன் ஆபீசுக்கு அனுப்பவேண்டும். அந்தச் சலுகையை வைத்துக்கொண்டு நாங்கள் என்ன செய்தோம்? வேறென்ன, சண்டை போட்டோம்.

விமானத்திலிருந்து ஒரு தீவில் குதித்து, எதிரில் வருகிறவனை எல்லாம் சுட்டு, கடைசிவரை உயிரோடு இருப்பவன் ஜெயித்தான் என்கிற விளையாட்டு. தெரியாதவர்களுக்கு ஒன்றும் நஷ்டமில்லை. நான் அதில் மகா மட்டம். செல்வின் கெட்டிக்காரன். அவனுடைய பொம்மைக்குச் சிவப்புச் சட்டை, முதுகில் குண்டு படாமலிருக்க ஒரு தோசைக்கல். எதிராளியைச் சுட்டுவிட்டால் அந்த இடத்திலேயே தங்குதங்கென்று குதிப்பான். "எதுக்குங்க குதிக்கிறீங்க, அடுத்தவரு சுட்டுப்போடுவாருங்க" என்பேன். "அடுத்தவரா? ஆளு கொல்ல வாரான், இவரு 'ரு' போடுதாரு!" என்று அதற்கும் சிரிப்பான். அவன் சிரிப்பு விக்கல்மாதிரி விட்டுவிட்டு வரும். நின்றுவிட்டது என்று நினைப்போம், மறுபடி ஆரம்பிக்கும்.

விளையாடுவதைத் திரையோடு பதிவு செய்து, வேண்டிய இடத்தை மட்டும் வெட்டி, குட்டி வீடியோக்கள் போடுகிற அந்தச் செயலியில் ஏற்றுவான். 'பனியன் பட்டாளம்' என்று பேர் வைத்திருந்தான். பட்டாளத்தில் மொத்தம் நாங்கள் இரண்டு பேர்தான், அது வேறு விஷயம். ஆரம்பத்தில் பார்த்தவர்களும் நாங்கள் இரண்டு பேர்தான்.

எங்களை ஊருக்குத் தெரியவைத்தது ஒரே ஒரு வீடியோ. அன்றைக்கு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம். நான் குன்னத்தூர் வீட்டு வாசலில் கட்டிலைப் போட்டு, காதில் இயர்போனை மாட்டிக்கொண்டு விளையாடுகிறேன். அவன் திருப்பூரில் தன் அறையில். அவனுடைய இயர்போன் எப்போதும் அறுந்தேதான் இருக்கும், அதனால் போனை ஸ்பீக்கரில் போட்டிருப்பான், இரண்டு பேர் பேச்சும் அவன் பதிவில் விழும். தீவில் ஒரு மாடி வீட்டுக்குள் ஒளிந்திருக்கிறோம். கதவுக்குக் காவல் நான். கதவு திறந்தது. தலைக்கவசம் போட்ட ஒருத்தன் துப்பாக்கியோடு வாசலில் நிற்கிறான். வீட்டு வாசலில் ஆளைப் பார்த்ததும் இந்தப் பாழாய்ப்போன வாய் என்ன சொல்லியது தெரியுமா?

"வாங்க, ஊட்டுக்குள்ள வாங்க."

அவன் வந்தான். சுட்டான். நான் செத்தேன்.

அடுத்த நொடி செல்வின் கேட்டான்: "வந்தவனுக்கு டீத்தண்ணி போட்டீரா வே?" கேட்டுவிட்டுக் குதித்துக் குதித்துச் சிரிக்க ஆரம்பித்தவன், தானும் சுடப்பட்டுச் செத்தான். செத்த பிறகும் சிரிப்பை நிறுத்தவில்லை.

அதை அவன் ஏற்றிய இரண்டொரு நாளில் கட்டிங் மாஸ்டர் என்னைப் பார்த்து, "ஊட்டுக்குள்ள வரலாமுங்களா?" என்கிறார். செக்யூரிட்டி கேட்டைத் திறந்துவிட்டு அதையே சொல்கிறார். சாமளாபுரத்தில் இருக்கிற என் சித்தி போன் பண்ணி, "ஏன் கண்ணு, துப்பாக்கி வெச்சிருக்கறவனயா ஊட்டுக்குள்ள கூப்புட்டே?" என்று வருத்தப்பட்டார். கம்பெனிக்குள் நடக்க முடியவில்லை போங்கள். வெளியில் கொஞ்சம் முறைத்துக்கொண்டாலும் உள்ளுக்குள் எனக்கு அப்படி ஒரு சந்தோஷம். அதைப்போல ஒரு சந்தோஷம் அதற்கப்புறம் எனக்கு வரவில்லை, கல்யாணத்தன்றுகூட. இதை என் வீட்டில் சொல்லிவிடாதீர்கள்.

செல்வினுடைய போன் பழசு. இடமில்லை இடமில்லை என்று அழுதுகொண்டே இருக்கும். அதனால் ஏற்றியதும் போனில் இருப்பதை அழித்துவிடுவான். நான்கூட ஒருதரம், ஏனுங்க அழிக்கறீங்க என்று கேட்டேன்.

"ஏத்தியாச்சுல்லா, இனி இங்க எதுக்கு? ஊரே பாக்குது, தொலஞ்சா போவும்?" என்றான்.

சரக்கை லாரியில் ஏற்றிவிட்டால் கம்பெனி வாசலைக் கூட்டிப் பெருக்கிவிடுவார்களே, அதே நியாயம். ஆனால் பாருங்கள், சரக்கு ஏறினாலும் எங்கள் பிரிவில் ஒவ்வொரு ரகத்திலும் ஒரு உருப்படியை எடுத்துச் சீட்டுக் கட்டி அலமாரியில் வைப்போம். கவுண்டர் சாம்பிள் என்று பேர். நாளைக்கு ஒரு பேச்சு வந்தால் எடுத்துக் காட்ட. எந்த நாட்டிலோ யாரோ போட்டுக் கிழித்துத் தரை துடைத்த பனியனுக்கெல்லாம் எங்கள் அலமாரியில் இன்றைக்கும் ஒரு சாம்பிள் இருக்கிறது.

அந்தச் செயலியை ஒருநாள் நாட்டிலேயே நிறுத்திவிட்டார்கள். திறந்தால் ஒன்றுமில்லை. "போயிட்டு வே, மொத்தமும் போயிட்டு" என்றான். அப்போதும் ஒரு சிரிப்பு. வேறு இடத்தில் புதிதாக ஆரம்பிப்போம் என்று பேசிக்கொண்டோம். கொஞ்ச நாளில் அந்த விளையாட்டையும் நிறுத்தினார்கள். அடுத்த வருஷம் ஊரெல்லாம் காய்ச்சலாகக் கிடந்ததே, அப்போது செல்வினுக்கும் வந்தது. ஊருக்குப் போய்ப் படுத்தால் சரியாகிவிடும் என்று போனான். போனவன் வரவில்லை. ஊரில் மனைவியோடு இருந்த அவன் பெண் ஷைனி அப்போது கைக்குழந்தை. நான் அடக்கத்துக்குப் போகவில்லை, போகவும் விடவில்லை. அதைப் பற்றி எழுத என்னால் ஆகாது.

இந்த வருஷம் ஷைனி பள்ளிக்கூடம் போக ஆரம்பித்தாள். ஒருநாள் அவன் மனைவி ஜெபா எனக்குப் போன் பண்ணினாள். என்னை அண்ணே என்றுதான் கூப்பிடுவாள்.

"அண்ணே, அவிய சத்தம் எதுலயாச்சும் இருக்கா? மத்த பிள்ளையள எல்லாம் அப்பாமாரு வந்து பேரச் சொல்லிக் கூப்பிடுதாவளாம். 'எங்க அப்பா சத்தம் எப்படிம்மா இருக்கும்'னு கேக்கா. எனக்குச் சொல்லத் தெரியல."

அவளிடம் ஒன்றுமே இல்லை. அந்தக் காலத்தில் அவள் வைத்திருந்தது பட்டன் போன். பேசுவதோடு சரி. கல்யாண வீடியோவில் சர்ச்சில் அவன் உடன்படிக்கை சொல்கிற இடத்தில்கூட வீடியோக்காரன் பாட்டைப் போட்டு மூடியிருக்கிறான். செல்வினுடைய போனை எப்போதோ யாரோ உதிரிக்கு எடுத்துக்கொண்டுபோய்விட்டார்கள்.

"பாக்கறனுங்க, கட்டாயம் இருக்குமுங்க" என்று நான் வாக்குக் கொடுத்துவிட்டேன். எங்கள் வீடியோ அவ்வளவு பேர் பார்த்ததாயிற்றே. வேறு வேறு தளங்களில் தேடினேன். தெரிந்தவர்களை எல்லாம் நச்சரித்தேன். ஒருத்தன் எங்களுடையதை எடுத்துத் தன் பக்கத்தில் போட்டிருந்தான். ஆசையாகத் திறந்தால், எங்கள் பேச்சு இரைச்சலாக இருக்கிறது என்று அதை எடுத்துவிட்டுக் குத்துப்பாட்டு ஒன்றைச் சேர்த்திருக்கிறான். நாசமாப் போக.

கடைசியில் என் பழைய போனில் ஒன்று கிடைத்தது. அந்த ஞாயிற்றுக்கிழமை நானும் என் பக்கத்தில் பதிவு செய்திருக்கிறேன், மறந்தே போயிருந்தது. ஓடவிட்டேன். மாடி வீடு வந்தது, கதவு வந்தது. "வாங்க, ஊட்டுக்குள்ள வாங்க" என்று என் குரல் கேட்டது. அதற்கப்புறம் ஒன்றும் இல்லை. கொஞ்ச நேரம் அமைதி. பிறகு நான் விழுந்து விழுந்து சிரிக்கிறேன்.

புரிகிறதா? என் போன் மைக்கில் விழுந்ததை மட்டும்தான் பதிந்திருக்கிறது. அவன் பேசியது இயர்போன் வழியாக என் காதுக்குள் போனதோடு சரி. "ஆமாங்க" என்கிறேன், எதற்கென்று தெரியவில்லை. "அய்யோ போங்க" என்கிறேன், யாரிடம் என்று தெரியவில்லை. முழுக்க முழுக்கப் பைத்தியக்காரன் தனியாகப் பேசுகிற மாதிரி இருக்கிறது. திரையில் மட்டும் அவன் இருந்தான். நான் செத்த பிறகு என் திரையில் அவன் பொம்மைதான் தெரியும். சிவப்புச் சட்டையும் தோசைக்கல்லுமாகக் குதித்துக்கொண்டிருந்தான்.

ஜெபாவிடம் உள்ளதைச் சொன்னேன். "அவரு பேசுனது இல்லீங்க, நான் பேசறதுதான் கேக்கும். ஆனா அந்தச் செகப்புச் சட்ட அவருதானுங்க." அதுவாவது இருக்கட்டும், அனுப்புங்கள் என்றாள். அனுப்பினேன்.

பத்துப் பதினைந்து நாள் கழித்து, பிள்ளை பார்த்தாளா என்று கேட்கலாமே என நானாகவே கூப்பிட்டேன். எடுத்துவிட்டார்கள். யாரும் பேசவில்லை. ஜெபா அடுப்படியில் இருந்திருப்பாள், பிள்ளைதான் பொத்தானை அமுக்கியிருக்கிறாள்.

"ஏனுங்க" என்றேன். "ஊட்டுல யாருங்க, கேக்குதுங்களா?"

அப்புறம் வீடே அதிர்கிற மாதிரி ஒரு கூச்சல்.

"யம்மா! அப்பா! அப்பா போன்ல பேசுதாவ!"

ஓடிவருகிற காலடிச் சத்தம் கேட்டது. "அப்பா, அப்பா, நான் ஷைனி" என்று அவள் மூச்சுவிடாமல் சொல்லிக்கொண்டிருக்கும்போதே போன் துண்டானது. துண்டித்தது நானா ஜெபாவா என்று இன்றுவரை எனக்குத் தெரியாது.

சாயங்காலம் ஜெபா கூப்பிட்டாள். அழுதிருக்கிறாள் என்று குரலிலேயே தெரிந்தது.

"செகப்புச் சட்டைதான் அப்பான்னு நாந்தான் காட்டுனேன். பேசுறதும் அவியன்னு பிள்ள நெனச்சுக்கிட்டா. அத எப்படி இல்லன்னு சொல்லுவேன் அண்ணே? யாரு வந்தாலும் வாசல்ல நின்னு 'வாங்க, ஊட்டுக்குள்ள வாங்க'ங்கா. எங்க அப்பா இப்படித்தான் சொல்லுவாவன்னு தெருவெல்லாம் சொல்லுதா." அப்புறம் சொன்னாள்: "தப்பா நெனைக்காதீய. இனிமே நீங்க போன் பண்ணாதீய. பிள்ள சத்தத்தக் கண்டுபிடிச்சிருவா."

"சரி" என்றேன். "ங்க" போடவில்லை. பக்கத்தில் பிள்ளை இருந்தால் என்ன செய்வது என்று பயமாக இருந்தது.

என்னிடம் ஒருதரம்கூட "ங்க" போட்டுப் பேசாதவன் செல்வின். அவன் பெண்ணின் காதில் அவன் இப்போது குன்னத்தூர்க்காரன். உயிரோடு இருந்திருந்தால் இதைச் சொல்லிச் சொல்லியே விக்கி விக்கிச் சிரித்திருப்பான். எனக்குச் சிரிப்பு வரவில்லை.

அந்த வீடியோவை நான் அவ்வப்போது ஓடவிட்டுக் கேட்கிறேன். "வாங்க, ஊட்டுக்குள்ள வாங்க." அதற்கடுத்து அந்த அமைதி. முதல் சில தடவை அந்த இடத்தில், "வந்தவனுக்கு டீத்தண்ணி போட்டீரா வே" என்று அவன் கேட்பது தானாகக் காதில் விழுந்தது. இப்போது வார்த்தை ஞாபகமிருக்கிறது, அதை நானே மனசுக்குள் சொல்லிக்கொள்கிறேன். சொல்லும்போது கேட்பது என் குரலாகத்தான் இருக்கிறது.