கொஷாரிக் கடைக்கு வந்து சேர்ந்த தர்புக்கா

ஷுப்ராப் பேட்டையில் அல்ஜீப்ரா ட்யூஷன் எடுக்கும் வக்தி, கணக்கை வெறுமனே சொல்லித் தந்தவர் அல்லர். தர்புக்கா மேளத்தை மடியில் வைத்துத் தட்டிப் பாடுவார். "ஸீனோடு ஸீனைப் பெருக்கு, அடுக்கை மட்டும் கூட்டு!" ஸீன் என்பது அங்கே x-இன் இடத்தில் நிற்கும் அரபு எழுத்து. மொட்டைமாடிப் புறாக்கள்கூடத் தாளம் தப்பாமல் குனுகும். நம்பாதவர்கள் புறாக்களிடமே கேட்டுக்கொள்ளலாம்.

கீழே இன்ஷிராவின் கொஷாரிக் கடை; சோறும் பருப்பும் கலந்து, மேலே வறுத்த வெங்காயம் தூவித் தருவாள். மேளம் அதிர்ந்தால் கூரைச் சுண்ணாம்பு அவள் பருப்பில் உதிரும். பரீட்சைக்கு முதல் நாள், வகுப்பு நடக்கும்போதே கரண்டியோடு மாடியேறினாள்.

"வாத்தியாரே, இது சோறா, செவுத்துக்குப் பூசுற கலவையா? நீங்களே தின்னு பாருங்க!"

மை தீட்டிய அந்தக் கண்களைப் பார்த்ததும் வக்திக்கு நாக்குக் குழறியது. "அடுக்கையும் பெருக்கு! ஸீன் மூணும் ஸீன் ரெண்டும் ஸீன் ஆறு!" என்று பாடிவிட்டார். பிள்ளைகள் அதையே பாடிக்கொண்டு படியிறங்கினார்கள். சாயங்காலத்துக்குள் அவித்த மொச்சை விற்பவன் வாயிலும் ஆறுதான்.

அறை காலியான பிறகுதான் அவருக்கு உறைத்தது. மறுநாள் மதியம் பரீட்சை. வகுப்பு மொத்தமும் கவிழும். கீழே ஓடினார்.

"அம்மணி, காப்பாத்துங்க. பரீட்சைக்கு முன்னாடி பிள்ளைங்க எல்லாம் உங்க கடைக்குத்தான் சாப்பிட வரும்."

"வரட்டும். கரண்டியை நீங்களே பிடிச்சு, உங்க தப்பை நீங்களே திருத்துங்க. ஆனா அந்தச் சனியன் புடிச்ச மேளம் எனக்கு."

"உங்களுக்கேதான்" என்றார் வக்தி.

கொஷாரி அள்ளுகிறவர் கரண்டியால் கிண்ணத்தைத் தட்டினால்தான் ஷுப்ராவில் பசியே எடுக்கும். மறுநாள் ஏப்ரன் கட்டிக்கொண்டு நின்றார் வக்தி. ஒரு கிண்ணத்தில் டங் டங் டங். அடுத்ததில் டங் டங்.

"இங்க மூணு ஸீன் பெருக்கி நிக்குது. இன்னும் ரெண்டு வந்து சேர்ந்து பெருக்குது. மொத்தம் எத்தனை?"

"அஞ்சு!"

"கண்ணைப் பார்த்தா ஆறு, கிண்ணத்தைப் பார்த்தா அஞ்சா, உஸ்தாஸ்?" என்றாள் பின்னாலிருந்து ஒரு வாயாடி மாணவி. கடையே சிரித்தது.

பரீட்சையில் அதே கணக்கு வந்தது. பிள்ளைகள் மேசையில் தட்டிய தட்டில் மேற்பார்வையாளருக்கே பசித்து, அவர் கொஷாரி வாங்க ஆளனுப்பினாராம். எல்லோரும் ஐந்து என்றே எழுதினார்கள்.

வக்தி சொன்ன சொல் தவறவில்லை. தர்புக்கா இப்போது கல்லாவுக்குப் பக்கத்தில் கவிழ்ந்து நிற்கிறது, வறுத்த வெங்காயத்தைச் சுமந்துகொண்டு. வகுப்பும் கடைக்கே இறங்கிவிட்டது.

"ஸீனும் ஸாதும் வேற வேற எழுத்து, அடுக்கு சேராது. ஆனா பக்கத்துல பக்கத்துல நிக்க வெச்சா அதுவும் பெருக்கல்தான்" என்பார், இன்ஷிரா பக்கம் பார்த்தபடி.

"நின்னது போதும், பருப்பைக் கிண்டுங்க" என்பாள் அவர் பெண்டாட்டி.