ரோகயா வீட்டில் பூட்டிக் கிடந்த அறை

ஜகார்த்தாவின் தெற்கு ஓரத்தில், ஜககார்சாவில், எங்கள் சந்தின் கடைசி வீடு ரோகயா அக்காவுடையது. நிலம் விற்ற காசில் அவர் கணவர் தூண் வைத்துக் கட்டிய மாடி வீடு. அவர் போய்ச் சேர்ந்து, பிள்ளைகளும் தனிக்குடித்தனம் போன பிறகு, காலையில் தேங்காய்ப்பால் சோறு பொட்டலம் கட்டி விற்றுக்கொண்டு அக்கா தனியாக இருந்தார். வயது அறுபதை நெருங்குகிறது. யார் வீட்டுக் கல்யாணம் ஏன் தள்ளிப்போனது, முட்டை வண்டிக்காரர் ஏன் மீசையை எடுத்தார், எல்லாம் அவருக்குத் தெரிந்தாக வேண்டும். ஆனால் கேட்டதை வெளியே சொல்ல மாட்டார்.

போன வருடம் டிவி சீரியல்காரர்கள் வாடகைக்குக் கேட்டு வந்தார்கள். தூண்கள் பிடித்துப்போனதாம். பணக்கார மாமியார் மருமகளைப் பாடாய்ப் படுத்துகிற கதை. அக்கா பின்கட்டுக்கு மாறிக்கொண்டாலும், பாதி நேரம் கேமராவுக்குப் பின்னால்தான் நின்றார்.

கதை எழுதும் அஸ்தாரி சாப்பாட்டு மேசையிலேயே லேப்டாப்போடு உட்கார்ந்திருப்பாள். முன்னறையில் ஒரு காட்சி நடக்கும்போதே அடுத்ததை எழுதுவாள்.

"அந்தப் பொண்ணு வீட்டை விட்டுப் போயிடுவாளா?" என்பார் அக்கா.

"தெரியல இபு. மத்தியானம் கேளுங்க, எழுதியிருப்பேன்." அம்மா என்பதை அவள் இபு என்றுதான் சொல்வாள்.

"எழுதுற உனக்கே தெரியலையா?"

"போன வாரம் சாகடிச்ச மாமனாரை, ரேட்டிங் இறங்கிடுச்சு, திரும்பக் கொண்டு வான்னு சொல்றாங்க. எனக்கு என்ன தெரியும் சொல்லுங்க."

ஒருநாள் இயக்குநர் மாடியில் பூட்டியிருந்த அறையைக் கேட்டார். முடியாது என்றார் அக்கா.

"தம்பி முர்சித் பூட்டிட்டுப் போனது. பதினெட்டு வருஷமாச்சு. கலிமந்தான் தீவுல நிலக்கரிச் சுரங்கத்துல இருக்கான்."

"உள்ள என்ன இருக்கு?" என்றாள் அஸ்தாரி.

"தெரியாது."

"நீங்களா பார்க்கல?"

"திறக்காதேன்னான். சரின்னு சொல்லிட்டேன்."

மறுநாள் ஒளிபரப்பில் மாமியார் அந்தக் கதவின் முன்னால் நின்று, பூட்டை இழுத்துப் பார்த்துவிட்டு, "இங்கே மட்டும் யாரும் வரக்கூடாது" என்றாள். நாடே கதவைப் பற்றிப் பேசத் தொடங்கிவிட்டது. காய்கறி வண்டிக்கு வந்த பெண்கள் நாங்கள் அக்காவைச் சூழ்ந்துகொண்டோம்.

"என்கிட்ட மட்டும் சொல்லுங்கக்கா. கதையில அந்த ரூமுக்குள்ள அடைச்சிருக்கறது முதல் மருமகளைத்தானே?"

"என் தம்பியோட சாமான்டி."

"பக்கத்து வீட்டுக்காரங்க கிட்டயேவா மறைப்பீங்க?"

நாற்பது நாள் அந்தக் கதவைக் காட்டினார்கள், திறக்கவில்லை. பிறகு போட்டி சேனலில் வேறொரு சீரியல் மேலே ஏறியது. இவர்கள் அவசரமாக ஒரு கல்யாணம் வைத்து முடித்துவிட்டுச் சாமானைக் கட்டினார்கள். அக்கா அஸ்தாரியின் கையைப் பிடித்து நிறுத்தினார்.

"உள்ள என்னதான் வெச்சிருந்தே?"

"எதையும் வைக்கல இபு. பிறகு யோசிக்கலாம்னு விட்டுட்டேன்." அவளுக்கே வெட்கமாகத்தான் இருந்தது.

அந்த வாரமே முர்சித் ஃபோன் செய்தார். லெபரான் என்ற நோன்புப் பெருநாளுக்கு அக்கா கூப்பிட்டால் வாழ்த்து சொல்வதோடு சரி. தானாகப் பேசி நாலு வருடம் இருக்கும்.

"அக்கா, கேன்டீன் டிவியில என் ரூமைக் காட்டினாங்க. உள்ள பொணம் இருக்குன்னு எல்லாரும் பந்தயம் கட்டறாங்க. நீ திறந்து பார்த்துட்டியா?"

"இல்லை."

"நீயா பார்க்கல?"

"வந்து நீயே திற."

விடுப்பு எடுத்துக்கொண்டு வந்தார். சாவி எப்போதோ தொலைந்திருந்தது. சுத்தியலால் பூட்டை உடைத்தார். அக்காவும் நானும், சேதி கேட்டு ஓடி வந்த அஸ்தாரியும் பின்னால் நின்றோம். உள்ளே தூசி படிந்த ஒலிபெருக்கி, ஜிகினா தைத்த சிவப்புச் சட்டை, பெட்டி பெட்டியாக கேசட்டுகள். அட்டையில் சுருள்முடியோடு இளம் முர்சித். ஆட்டம் போட வைக்கும் தாங்தூத் வகைப் பாடல்கள், பத்து.

"நீ பாடுவியா?" அக்காவின் குரல் இறங்கிவிட்டது.

"சொந்தமா போட்டேன். பன்னண்டு கேசட்தான் வித்துச்சு."

"ஏன்டா சொல்லல?"

"மச்சான் சிரிப்பாரே."

"சிரிச்சிருப்பாரு. முழுசாக் கேட்டும் இருப்பாரு."

கேசட் ஓடும் கருவி எங்கள் சந்தில் ஜுப்ரியின் பழைய வேனில் மட்டும் இருந்தது. ஏறி உட்கார்ந்தோம். நாடா இழுபட்டு, குரல் நடுங்கியது. மூன்றாவது பாட்டில் முர்சித் தன்னையறியாமல் கூடவே பாடினார். மூக்கால் பாடும் குரல். ஆனாலும் ஏதோ செய்தது. அக்கா கண்ணாடி போட்டுக்கொண்டு அட்டையின் அடியில் இருந்த சிறிய எழுத்தைப் படித்தார்.

"'யூயுனுக்கு'ன்னு போட்டிருக்கே. யாரு யூயுன்?"

முர்சித் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். அக்கா விடவில்லை. இரண்டாம் பக்கம் ஓடி முடிவதற்குள் சொல்லிவிட்டார்: இந்திராமாயு ஊர் இசைக்குழுவில் பாடியவள்; அவளுக்கு வேறிடத்தில் கல்யாணமான வாரம்தான் அவர் கப்பல் ஏறியிருக்கிறார்.

போவதற்கு முன் சந்தில் வீட்டுக்கு ஒரு கேசட் கொடுத்துவிட்டுப் போனார். அஸ்தாரி மூன்று கேட்டு வாங்கிக்கொண்டாள். இப்போது வெள்ளிக்கிழமை தொழுகை முடிந்ததும் முர்சித் ஃபோன் செய்கிறார். அக்கா அதை ஸ்பீக்கரில் போட்டுவிட்டு, வெங்காயம் உரித்தபடியே கேள்வி மேல் கேள்வி கேட்கிறார்.