நான் சொன்ன சந்தோசம் வேறு

என் சாட்சியத்தைக் கெடுத்தது நீங்கள்தான். கொழும்பு நீதிமன்றத்தில் என் தமிழைச் சிங்களத்தில் சொல்வதற்கு நின்ற மொழிபெயர்ப்பாளரே, உங்களைத்தான் சொல்கிறேன்.

நான் கண்டிப் பக்கம் கலஹாவுக்கு மேலே ஒரு தேயிலைத் தோட்டத்தில் பிள்ளைக் காம்பரா பார்க்கிறவள். தாய்மார் கொழுந்து பறிக்கப் போனதும் குழந்தைகளை என்னிடம் விட்டுப் போவார்கள். என் மகளின் பிறப்புச் சான்றிதழில் தகப்பன் பெயரைப் பிழையாக எழுதிவிட்டார்கள். அது திருந்தாமல் அடையாள அட்டை கிடைக்காது. அட்டை இல்லாமல் பரீட்சை எழுத முடியாது.

லீவு போட்டுப் போட்டுப் பிறப்புப் பதிவு அலுவலகத்துக்கு நடந்தேன். அங்கே இருந்த கிளார்க் நம்ம பாசை பேசுகிறவர்தான். ஒவ்வொரு முறையும் பைலை எடுப்பார், புரட்டுவார், மூடுவார். கடைசியில் வாயைத் திறந்தார்.

"செஞ்சு தரலாம். சந்தோசம் ஒன்னும் இல்லையாம்மா?"

எங்கள் லயத்து வீடுகளில் யாரும் லஞ்சம் என்று சொல்வதில்லை. அது பத்திரிகைச் சொல். வாங்குகிறவனுக்கும் அது சந்தோசம், கொடுக்கிறவனுக்கும் சந்தோசம். வயிறெரிந்து கொடுத்தாலும் பெயர் அதுதான்.

நான் கொழும்பு லஞ்ச ஆணைக்குழுவுக்கு முறைப்பாடு செய்தேன். அதிகாரிகள் சாதாரண உடுப்பில் என்னோடு வந்தார்கள். நான் கவரை நீட்டினேன். அவர் வாங்கி மேசை லாச்சிக்குள் வைத்தார். அங்கேயே பிடித்தார்கள்.

தான் கேட்கவில்லை, அவளாகவே அன்பளிப்பாகத் தந்தாள் என்பது கிளார்க்கின் கட்சி. கேட்டார் என்று சொல்வதற்கு என் வாய் மட்டும்தான் இருந்தது.

அவர் என்ன கேட்டார் என்று அரச தரப்புச் சட்டத்தரணி கேட்டார்.

"சந்தோசம் ஒன்னும் இல்லையான்னு கேட்டாருங்க."

அதற்கு நான் என்ன செய்தேன் என்று கேட்டார்.

"சந்தோசம் குடுத்தேங்க."

நீங்கள் நீதிபதியின் பக்கம் திரும்பித் தாழ்ந்த குரலில் ஏதோ சொன்னீர்கள். எதிர்ப்பக்கத்தில் சிரித்தார்கள். கிளார்க்கின் சட்டத்தரணி எழுந்து ஒரே கேள்வி கேட்டார். அதை எனக்குத் தமிழில் தந்தீர்கள். "அப்ப, குடுத்தது சந்தோசத்தோடைதானே?"

"சந்தோசம்தாங்க," என்றேன். அழுத்திச் சொன்னேன்.

வெளியே வந்தபோது, வேறு வழக்குக்கு வந்து உள்ளே சிங்களத்தில் நடந்ததைக் கேட்டிருந்த கண்டிக் கடைக்கார முஸ்லிம் நானா ஒருவர் தன் தலையில் கை வைத்தார்.

"என்ன அக்கா செஞ்சீங்க? நீங்க சந்தோசமா இல்லையான்டு அவர் சுகம் விசாரிச்சாராம். நீங்க மனசு குளுந்து குடுத்தீங்களாம். கலியாண வீட்டுக்குப் பரிசு கொண்டு போன மாதிரி ஈக்கி!"

உங்களைத் தேடி ஓடி வந்தேன்.

"ஐயா, நான் சொன்னது லஞ்சங்க."

"அந்தச் சொல்லை நீங்கள் சொல்லேல்லையே அம்மா. சந்தோசம் எண்டால் சந்தோசம்தானே? நீங்கள் சொன்னதைத்தான் நான் சொன்னனான்."

எனக்குத் தெரிந்த சந்தைச் சிங்களத்தில் அரச சட்டத்தரணியிடம் அழுது சொன்னேன். பகல் இடைவேளைக்குப் பிறகு, மொழிபெயர்ப்பு பிழை என்று அவர் எழுந்து முறையிட்டார். நீதிபதி உங்களைப் பார்த்தார். சரியாகத்தான் பெயர்த்தேன் என்றீர்கள். அப்படியே பதிவாகிவிட்டது.

லஞ்சம் என்று நான் சொல்லியிருக்க வேண்டும். சொல்லாதது என் பிழை, ஒத்துக்கொள்கிறேன். ஆனால் பணம் கொடுத்த கதையில் சந்தோசம் என்ற சொல் மூன்று தரம் வருகிறது. அதென்ன சந்தோசம் என்று திருப்பி ஒரு வார்த்தை கேட்க உங்களுக்கு என்ன கஷ்டம்?

தோட்டத்தில் இப்போது எனக்குப் புதுப் பெயர். "என்னா சந்தோசக்காரி, இன்னைக்கு எந்த ஆபீசுக்குப் பரிசு?" என்கிறார்கள். சிரித்துவிட்டுப் போகட்டும். அந்தப் பதிவு நின்றால் அந்தக் கிளார்க் விடுதலையாகிப் பழைய மேசை கதிரைக்கே திரும்புவார். என் மகளின் பைல் இன்னும் அந்த அலுவலகத்தில்தான் கிடக்கிறது. பரீட்சை நெருங்கிவிட்டது.

அடுத்த தவணைக்கு நான் வருவேன். வெளி விறாந்தையில் வைத்து எனக்குச் சமாதானம் சொல்ல வேண்டாம். நீதிபதிக்கு முன்னால், எல்லாரும் கேட்கப் பதில் சொல்லுங்கள்: அந்தச் சொல்லுக்கு எங்கள் ஊரில் என்ன அர்த்தம் என்று அன்றைக்கு உங்களுக்குத் தெரியுமா, தெரியாதா?