அறுபது மடங்கு

சட்டைத் தொழிற்சாலையில் அவளைக் கடிகார அக்கா என்றுதான் எல்லோரும் கூப்பிட்டார்கள். கழுத்தில் அடையாள அட்டையோடு ஒரு ஸ்டாப்வாட்சும் தொங்கும். காலர் தைக்கும் வரிசையில் ஒவ்வொருத்தி பின்னாலும் போய் நிற்பாள். ஊசி இறங்கும்போது பொத்தானை ஒரு அமுக்கு, நூல் அறுபடும்போது இன்னொரு அமுக்கு. நிமிஷத்துக்கு இத்தனை காலர் என்று எழுதிக்கொண்டு அடுத்த மிஷினுக்கு நகர்வாள். அவள் வந்து நிற்பது தெரிந்ததுமே சிலருக்குக் கை மந்தமாகிவிடும். இன்று வேகம் காட்டினால் நாளைக்கு இலக்கை ஏற்றிவிடுவார்களே என்ற பயம். அது அவளுக்கும் தெரியும் என்பதால், தூணுக்குப் பின்னால் நின்று யாருக்கும் தெரியாமல் இன்னொரு தடவை அளந்துகொள்வாள். பதினோரு வருஷமாக இதே வேலை. கண்ணால் பார்த்ததையே ஒரு தரத்துக்கு இரண்டு தரம் பார்த்தால்தான் அவளுக்கு மனசு ஆறும்.

வீட்டிலும் அவளுக்குச் சந்தேகப்படக் காரணம் இருந்தது. புருஷன் பஸ் டிரைவர். ஒரு காலத்தில் மொடாக்குடியர். நாலு வருஷத்துக்கு முன்னால் ஒரு விடியற்காலையில், முந்தின நாள் போதை தெளியாமலே வண்டியைப் பின்னால் எடுத்து, டிப்போவில் பஸ் கழுவும் இடத்துச் சுவரைச் சாய்த்துவிட்டார். சுவருக்கு அந்தப் பக்கம் ஆள் யாரும் இல்லாதது அவருடைய நல்ல நேரம். வேலை போயிருக்கும். கெஞ்சிக் கூத்தாடி ஒரு உடன்படிக்கை எழுதினார்கள். இனிமேல் தொடக் கூடாது. ஆறு மாதத்துக்கு ஒரு முறை ரத்தம் கொடுக்க வேண்டும். ஜாமீன் கையெழுத்து மனைவியுடையது.

அவர் நிறுத்தினார். நிஜமாகவே நிறுத்தினார். அவள்தான் முதல் ஒரு வருஷம் நிறுத்தாமல் வீடு முழுக்கப் பாட்டில் தேடிக்கொண்டிருந்தாள். அப்புறம் அதுவும் மெல்ல ஓய்ந்தது.

எட்டாவது பரிசோதனை முடிந்த வாரம், செவ்வாய்க்கிழமை மத்தியானம், டிப்போவில் உடல்நலக் கோப்புகளைப் பார்க்கும் கிளார்க் போன் செய்தார்.

"கொஞ்சம் நேர்ல வர முடியுமாம்மா?"

"என்ன சார்? அவருக்கு ஏதாவது ஆயிடுச்சா?"

"அவரு நல்லாத்தான் இருக்காரு. ரிப்போர்ட் வந்திருக்கு. போன்ல வேணாம், வாங்க."

கிளார்க்கின் மேஜையில் ஒரு மஞ்சள் அட்டை இருந்தது. தேதிக்கு ஒரு கட்டம், எண்ணுக்கு ஒரு கட்டம். 0.62, 0.66, 0.61 என்று ஏழு எண்கள் நல்ல பிள்ளைகளாக வரிசையில் நின்றன. கடைசியாக இருந்தது 0.64. அதற்குக் கீழே சிவப்பு மையில் 39.

"இது கல்லீரல்ல இருக்கிற ஒரு என்சைம்மா. காமா டெஸ்டுன்னு சொல்வாங்க. குடிச்சா ரத்தத்துல இதுதான் முதல்ல ஏறும். முந்தின அளவைவிட ரெண்டு மடங்கு போனாலே வண்டியைக் கொடுக்கக் கூடாதுன்னு விதி. இவருக்கு எத்தனை மடங்குன்னு கணக்குப் போடவே எனக்குப் பயமா இருக்கு."

புருஷன் வெளியே, வண்டிகள் உள்ளே வரும் வாசலில் நின்றிருந்தார். கையில் நோட்டு. வரும் பஸ்ஸின் எண்ணையும் நேரத்தையும் எழுதும் வேலைக்கு அன்று காலையே மாற்றிவிட்டிருந்தார்கள்.

"ஏங்க?" என்றாள்.

"சத்தியமா தொடலை."

குடித்த நாட்களிலும் இதே வார்த்தையைத்தான் சொல்வார். குரல்கூட இதேதான். அவள் நேரே வீட்டுக்குப் போனாள்.

போனதும் கைப்பையைக்கூடக் கழற்றி வைக்காமல் தேட ஆரம்பித்தாள். பழைய இடங்களெல்லாம் விரலுக்கு மறக்கவில்லை. கழிவறைத் தண்ணீர்த் தொட்டியின் மூடி, மழைக்கால பூட்ஸின் உட்புறம், பரண்மேல் பழைய மின்விசிறிக்குப் பின்னால். ஒன்றும் இல்லை. ஒன்றும் இல்லாதது அவளுக்கு இன்னும் பயத்தைக் கொடுத்தது. ஒளிப்பதில் ஆள் தேறிவிட்டார், புது இடம் பிடித்திருக்கிறார் என்று நினைத்தாள்.

அப்புறம் நினைத்துப் பார்க்க ஆரம்பித்தாள். நினைக்க நினைக்க எல்லாமே ஒத்துப்போயிற்று. ஒரு மாதமாகவே அவர் கையால் வாயைப் பொத்திக்கொண்டுதான் பேசுகிறார். பக்கத்தில் போனால் முகத்தைத் திருப்பிக்கொள்கிறார். வாயில் எப்போதும் புதினா வாசனை, அதற்கு அடியில் கிராம்பு. கிராம்புக்கும் அடியில் ஸ்பிரிட் மாதிரி ஒரு நெடி. சிரிப்பதையே விட்டுவிட்டார். எல்லாவற்றுக்கும் மேலாக, வியாழக்கிழமைதோறும் முக்கால் மணி நேரம் தாமதம்.

"வியாழக்கிழமை எங்க போறீங்க?" என்று புதன்கிழமை சாயங்காலம் கேட்டாள்.

"எங்கயும் இல்லையே. டிராபிக்."

வாயைப் பொத்திக்கொண்டுதான் சொன்னார்.

வியாழக்கிழமை அரை நாள் லீவு போட்டாள். டிப்போவுக்கு எதிரே ஜெராக்ஸ் கடையில் நின்று, அவர் வெளியே வந்ததும் தூரம் விட்டுப் பின்னால் போனாள். வெயில் இல்லாத நேரத்தில் குடை விரித்து நடந்தவளைத் தெருவே திரும்பிப் பார்த்தது. அவர் மட்டும் பார்க்கவில்லை. டயர் கடைக்குப் பக்கத்தில் ஒரு குறுகலான மாடிப்படியில் ஏறினார். பலகை எதுவும் கண்ணில் படவில்லை. அவள் எதிர்ப்பக்கம் நின்று, பழக்கதோஷத்தில் ஸ்டாப்வாட்ச் பொத்தானை அமுக்கினாள். முப்பத்தெட்டு நிமிஷம். கைக்குட்டையால் வாயை அடைத்தபடி இறங்கி வந்து, விறுவிறுவென்று பஸ் ஸ்டாப் பக்கம் போனார்.

அவர் தலை மறைந்ததும் அவள் மேலே ஏறினாள். என்ன சொல்ல வேண்டும், யாரை எப்படித் திட்ட வேண்டும் என்று ஒவ்வொரு படிக்கும் ஒரு வசனம் வைத்திருந்தாள். மேலே ஒரு சின்ன அறை. நாலு நாற்காலிகள். மேஜைமேல் சுண்ணாம்பில் செய்த ஒரு தாடை, பற்களைக் காட்டி இளித்துக்கொண்டிருந்தது.

"உட்காருங்கம்மா, பல் வலியா?" என்று கேட்டபடி பல் டாக்டர் கையுறையோடு வந்தார்.

"இப்ப இறங்கிப் போனாரே, அவரோட வீட்டம்மா நான்."

டாக்டர் பெண்ணுக்குத் தர்மசங்கடமாகிவிட்டது. "அய்யோ, உங்ககிட்ட சொல்லக் கூடாதுன்னாரே. பல் செட் பொருத்தின பிறகுதான் வீட்டுல வாயைத் திறப்பேன்னு பிடிவாதம். மேல் பல்லு ஆறு எடுத்தாச்சு. பழைய பழக்கத்துல கெட்டுப்போன பல்லாம், அதுல அவருக்கு ரொம்ப வெக்கம்."

அவளுக்கு அழுகை வரவில்லை, சிரிப்பும் வரவில்லை. வாயில் வந்தது இன்னொரு கேள்விதான்.

"வாய் கொப்பளிக்கற மருந்துல சாராயம் இருக்குமா டாக்டர்? அதனால கல்லீரல் ரிப்போர்ட் ஏறுமா?"

"கொஞ்சம் இருக்கும். ஆனா கொப்பளிச்சுத் துப்பறதுதானே. அதனால கல்லீரல் ரிப்போர்ட் எல்லாம் மாறாது."

ஆக, வாசனைக்குப் பதில் கிடைத்துவிட்டது. வியாழக்கிழமைக்கும் கிடைத்துவிட்டது. முப்பத்தொன்பதுக்கு மட்டும் கிடைக்கவில்லை. பல்லை மறைத்தவர் பாட்டிலை மறைக்க மாட்டாரா என்று படி இறங்கும்போதே அவள் மனசு கேட்டது.

ஞாயிற்றுக்கிழமை காலை மொட்டை வந்தான். அவனும் அதே டிப்போவில் டிரைவர். தலையில் முடி காடு மாதிரி இருக்கும். பெயர் மட்டும் எப்போதோ ஒட்டிக்கொண்டது. பழைய மஞ்சள்காமாலைக்காக அவன் பெயரும் ரத்தப் பரிசோதனைப் பட்டியலில் இருந்தது. ஜென்மத்தில் குடித்ததில்லை. சோடா குடித்தாலே தும்முவான்.

"அண்ணி, உங்க வீட்டுலயாவது நியாயம் கேளுங்க" என்று நாற்காலியில் விழுந்தான். "எனக்கும் ஏறிடுச்சாம். நேத்து கூப்பிட்டு அட்டையைக் காட்டறான் அந்தக் கிளார்க். என் வீட்டுக்காரி நேத்துலேர்ந்து முகம் கொடுத்துப் பேசலை. சட்டையை மோந்து பாக்கறா!"

புருஷன் கையால் வாயை மூடிக்கொண்டு மூலையில் உட்கார்ந்திருந்தார். இரண்டு பேருமாகச் சேர்ந்து குடித்திருப்பார்களோ என்றுதான் அவளுக்கு முதலில் தோன்றியது. இரண்டு முகங்களையும் மாறி மாறிப் பார்த்தாள்.

"எவ்வளவு இருந்துச்சு, எவ்வளவு ஆயிடுச்சு?"

"போன தடவை பூஜ்யம் புள்ளி அஞ்சு ஆறு. இப்ப முப்பத்தி மூணு."

தொழிற்சாலை அட்டை ஒன்றைத் திருப்பிப் போட்டு அவள் வகுத்தாள். முப்பத்து மூன்றை 0.56-ஆல் வகுத்தால் ஐம்பத்தொன்பதுக்குச் சற்றுக் கீழே வந்தது. பிறகு, இத்தனை நாள் போடத் துணியாத கணக்கைப் போட்டாள். முப்பத்தொன்பதை 0.64-ஆல் வகுத்தாள். அறுபத்தொன்றுக்குச் சற்றுக் கீழே.

குடிகாரன் ஒருவனுக்கும் குடிக்காதவன் ஒருவனுக்கும் ஒரே மடங்கு ஏறுமா? அதுவும் அறுபதை ஒட்டி? அந்த அறுபது அவளுக்கு அன்றாடம் பழகிய எண். தையல் பிரிவில் நிமிஷக் கணக்கு, பேக்கிங் பிரிவில் மணிக் கணக்கு. தினமும் ஐம்பது தடவையாவது அறுபதால் பெருக்கித்தான் இரண்டையும் அவள் ஒரே தாளில் கொண்டுவருவாள்.

"ரத்தம் எடுத்த இடம் பழைய லேப்தானா?" என்று கேட்டாள்.

"இல்லையே. போன மாசத்துலேர்ந்து புது லேப்" என்றான் மொட்டை.

திங்கட்கிழமை காலை லேப் திறக்கும்போதே வாசலில் நின்றாள். கவுண்டரில் இருந்த பெண்ணுக்கு முதலில் புரியவில்லை. அவள் கணக்குப் போட்டிருந்த அட்டையைப் பார்த்ததும் புரிந்துவிட்டது.

"அக்கா, பழைய லேப்ல கட்டல் கணக்குல கொடுத்திருக்காங்க."

"கட்டிலா?"

"கட்டில் இல்லக்கா, கட்டல். அது ஒரு அளவு. என்சைம் எத்தனை இருக்குன்னு நாங்க எண்ண மாட்டோம். அது எவ்வளவு வேகமா வேலை செய்யுதுன்னுதான் பாப்போம். ஒரு பொருளை இன்னொண்ணா மாத்துது பாருங்க, அந்த வேகம்."

"எங்க பிளோர்லயும் அப்படித்தான்மா. எத்தனை பேர் உட்கார்ந்திருக்காங்கன்னு எவன் கேக்கறான்? எத்தனை காலர் வந்துச்சுன்னுதான் கேப்பான்."

"அதேதான். அவங்க வினாடிக்கு எவ்வளவு மாத்துதுன்னு எழுதியிருக்காங்க. நாங்க நிமிஷத்துக்கு எவ்வளவுன்னு எழுதறோம், அதை யூனிட்டுன்னு சொல்வோம். அவங்க ஒண்ணுன்னு எழுதினா அது எங்களுக்கு அறுபது. உங்க வீட்டுக்காரரோட முப்பத்தொன்பதை அறுபதால வகுங்க. பூஜ்யம் புள்ளி ஆறு அஞ்சு. எப்பவும் போலத்தான் இருக்காரு."

"அப்ப அவரு குடிக்கலையா?"

"இந்த டெஸ்ட் அப்படிச் சொல்லாதுக்கா. ஏறலைன்னு மட்டும்தான் சொல்லும்."

அந்தப் பெண் நேர்மையாகத்தான் சொன்னாள். ஆனால் அந்த நேர்மை அவளுக்கு அந்த நேரத்தில் வேண்டியிருக்கவில்லை.

டிப்போ கிளார்க் சுலபத்தில் மசியவில்லை. எண் பெரிதாக இருக்கும்போது சிறியது என்று எப்படி எழுதுவது என்றார். லேப் கடிதம் கொடுக்கட்டும் என்றார். கடிதம் வந்ததும் மேலதிகாரி பார்க்கட்டும் என்றார். கடைசியில் அவளே கோப்பை வாங்கிப் பழைய ரிப்போர்ட்டுகளை வெளியே எடுத்தாள். ஒவ்வொன்றிலும் எண்ணுக்குப் பக்கத்தில் பொடி எழுத்தில் கட்டல் என்று அச்சாகியிருந்தது. இயல்பான அளவு எதுவரை என்பதும் அதன் கீழேயே இருந்தது. அட்டைக்கு எண் மட்டுமே வந்து சேர்ந்திருந்தது.

"அட்டையில அதுக்குக் கட்டம் இல்லையேம்மா" என்றார் கிளார்க், தன்னை யாரோ ஏமாற்றிவிட்டது போல.

வாசலில் பத்து நாள் நோட்டு எழுதிய பிறகு, வெள்ளிக்கிழமை அவருக்கு மறுபடி வண்டி கொடுத்தார்கள். அன்று சாயங்காலம் இரண்டு பேரும் சமையலறையில் எதிரெதிரே உட்கார்ந்திருந்தார்கள். பல் டாக்டரைப் பார்த்துவிட்டு வந்ததை அவள் சொல்லிவிட்டாள். இனி மறைக்க ஒன்றுமில்லை என்று அவர் வாயிலிருந்து கையை எடுத்தார். மேல் வரிசையின் முன்பக்கம் வெறுமையாக இருந்தது.

"நீ நம்பினியா? நான் குடிச்சேன்னு?"

பொய் சொல்லியிருக்கலாம். அவளுக்கு வரவில்லை. "நம்பினேங்க."

"சரி." கொஞ்ச நேரம் டம்ளரை உருட்டிக்கொண்டிருந்தார். "நானும்தான் நம்பினேன்."

"என்ன சொல்றீங்க?"

"எண்ணு பொய் சொல்லுமா? தூக்கத்துல எந்திரிச்சுப் போய் குடிச்சிட்டு, காலையில மறந்துடறேனோன்னு நினைச்சேன். முன்னெல்லாம் அப்படி மறந்திருக்கேனே. நீ வேலைக்குப் போன பிறகு நானும் வீடு பூரா தேடினேன். ஸ்கூட்டர் சீட்டுக்கடியில மட்டும் நாலு தடவை பாத்தேன்."

அந்த இடம் அவளுக்குத் தோன்றவே இல்லை. அதைச் சொன்னதும் இரண்டு பேரும் சிரித்தார்கள். முன்பல் இல்லாத வாயால் அவர் சிரித்தபோது விசில் மாதிரி ஒரு சத்தம் வந்தது. அப்புறம் அவர் எழுந்து போய்விட்டார். பாதிச் சிரிப்பில் அவள் மட்டும் உட்கார்ந்திருந்தாள்.

உடனே எல்லாம் சரியாகிவிடவில்லை. மூன்று வாரம் அவர் கேட்டதற்கு மட்டும் பதில் சொன்னார். அப்புறம் ஒரு நாள் வேலை முடிந்து உள்ளே வந்தவர், செருப்பைக் கழற்றிவிட்டு நேரே அவள் முகத்துக்கு எதிரே வந்து 'ஹா' என்று ஊதினார். குத்திக்காட்டத்தான் அப்படிச் செய்தார். அவளும் வீம்புக்கு மூக்கை நீட்டி மோந்துவிட்டு, "போங்க, கை கழுவுங்க" என்றாள். மறுநாளும் ஊதினார். வாரங்கள் போகப் போக அதிலிருந்த முள் உதிர்ந்து, வெறும் விளையாட்டாகிவிட்டது.

ஒரு மழை நாளில் அவர் நனைந்து வந்தார். துண்டை எடுத்துத் தலையைத் துவட்டியபடியே போய் உட்கார்ந்துவிட்டார். ஊத மறந்துவிட்டார். அவள் அடுப்படியில் நின்றபடி கவனித்தாள். மறந்துதான் போனாரா என்று மனசு அரித்தது. பக்கத்தில் போகச் சாக்கு ஒன்றுக்கு இரண்டாக இருந்தது, துண்டை வாங்கலாம், டீ கொடுக்கலாம். அவள் போகவில்லை. டீயைக் கலந்து மேஜைமேல் வைத்துவிட்டு, "ஆறிடப் போகுது" என்று அங்கிருந்தே சொன்னாள்.

பக்கத்தில் போய் மோந்து பார்க்காமல் நின்ற அந்தப் பத்து நிமிஷம்தான் தன் வாழ்க்கையிலேயே மிகவும் நீண்ட பத்து நிமிஷம் என்று, பிற்பாடு காலர் வரிசையில் ஒருத்தியிடம் சொன்னாள்.