கடைசிப் பத்தியில் விழுந்த சொல்

அந்தமானில் பாராடாங் தீவின் சுகாதார நிலையத்தில் நர்ஸாக இருக்கும் பானுமதி மூன்று வருடம் வழக்காடி மகளைத் தன்னிடம் வைத்துக்கொள்ளும் உரிமையை வாங்கினாள். நீதிபதி தீர்ப்பை வாசித்தபோது காதாரக் கேட்டாள். ஒன்பது பக்கம். ஆனால் தட்டச்சாகி வந்த நகலின் கடைசிப் பத்தியில், குழந்தை 'மனுதாரரிடம்' வளரவேண்டும் என்பதற்குப் பதில் 'எதிர்மனுதாரரிடம்' என்று விழுந்திருந்தது. மனு போட்டவள் பானுமதி. எதிர்மனுதாரன் அவளை விட்டுப் பிரிந்த கணவன் சிவபிரகாஷ்.

அதை அவளுக்கு முன்னால் அவன் பார்த்துவிட்டான். ஒரு செவ்வாய்க்கிழமை பள்ளிக்கு வந்து அந்தப் பத்தியைக் காட்டி, எட்டு வயது சௌமியாவை போர்ட் பிளேர் பக்கம் சிப்பிகாட்டிலுள்ள தன் வீட்டுக்குக் கூட்டிப்போய்விட்டான்.

"சீல் இருக்கு, கையெழுத்து இருக்கு. நான் என்ன பண்றது சிஸ்டர்?" என்றார் தலைமையாசிரியர்.

மறுநாள் படகில் கடலைத் தாண்டி, காட்டுச் சாலையில் போலீஸ் காவலோடு வரிசையாகப் போகும் கான்வாய் பஸ்ஸில் போர்ட் பிளேர் போய்ச் சேர்ந்தபோது பானுமதிக்குக் கோபத்தில் உடம்பெல்லாம் எரிந்தது.

கோர்ட் எழுத்தர் நகலைப் புரட்டினார். "ஏக் ஹி வோர்டு ஹே, சிஸ்டர். டைப்பிங் மிஸ்டேக். திருத்த மனு போடுங்க. பதினெட்டாம் தேதி பாக்கலாம்."

"ஒரு வார்த்தைதானா? அந்த ஒரு வார்த்தைதான் என் பொண்ணத் தூக்கிட்டுப் போச்சு! பதினெட்டு வரைக்கும் அவ அங்கயே கிடக்கணுமா?"

"சத்தம் போடாதீங்க. இது ஆபீஸ்."

"நான் கேட்டா சத்தம், நீங்க பண்ணினா மிஸ்டேக்கா?"

கூட வந்திருந்த அவளுடைய வக்கீல் ஷீலா அவள் கையைப் பிடித்து வெளியே இழுத்துவந்தாள். அங்கேயே மனுவை எழுதி, சிவபிரகாஷின் வக்கீலுக்கும் அன்றே நகல் கொடுத்தாள். அடுத்த நாள் காலை அவசரமென்று நீதிபதி முன் எழுந்து நின்றாள்.

"தீர்ப்பு பிடிக்கலன்னா அப்பீல் போகட்டும்," என்றார் எதிர்த்தரப்பு வக்கீல்.

நீதிபதி சுருக்கெழுத்து நோட்டை வரவழைத்துப் பார்த்தார். "நான் சொன்னது மனுதாரர்தான். எழுத்துப்பிழைக்கு அப்பீல் எதற்கு?"

கால்மணி நேரத்தில் முடிந்தது. யாரும் மன்னிப்புக் கேட்கவில்லை. திருத்திய நகலை எழுத்தர் நீட்டியதும் பானுமதி ஜன்னலை மறித்து நின்று ஒன்பது பக்கத்தையும் வரிவரியாகப் படித்தாள்.

"பின்னாடி ஆள் நிக்குது, சிஸ்டர்."

"நிக்கட்டும்."

அன்றே போலீஸ்காரரோடு சிப்பிகாட் போனபோது சிவபிரகாஷ் கதவில் சாய்ந்து நின்றான். "நான் ஆர்டர்படிதான செஞ்சேன்?"

"ஒன்பது பக்கமும் படிச்சிருப்பியே. எது தப்புன்னு உனக்குத் தெரியும்," என்றாள். அவன் சௌமியாவின் பையை எடுத்து வெளியே வைத்தான்.

திரும்பும் பஸ்ஸில் சௌமியா, "என்னை வேண்டாம்னு நீ எழுதிக் குடுத்துட்டியாம், அப்பா சொன்னார்," என்றாள்.

பானுமதி அவள் பக்கம் திரும்பினாள். "நான் எங்கயும் அப்படி எழுதலடி. எழுதினது வேற ஆள்." மகளை இறுக்கி அணைத்துக்கொண்டாள். கோபம் மட்டும் இறங்கவில்லை.

திங்கட்கிழமை அந்தத் தட்டச்சுப் பிழையைப் பற்றி கோர்ட்டின் மேலிடத்துக்குப் புகார் அனுப்பினாள். பிழை திருத்தப்பட்டுவிட்டதால் மேல்நடவடிக்கை தேவையில்லை என்று இரண்டு வரியில் பதில் வந்தது. படித்த அன்றே இரண்டாவது புகாரை எழுதினாள். இந்தமுறை, மகள் இல்லாமல் கழிந்த இரண்டு நாட்களை மணிக்கணக்காக எழுதினாள்.