எழுத்து வந்தால் எழுந்துவிடுவேன்

ஊமைப் படமாம். டிவியில் சத்தம் கெட்டுவிட்டது என்று நினைத்து நான் ரெண்டு தட்டுத் தட்டினேன்.

போட்டவள் என் மருமகள். நான் குளியலறையில் வழுக்கி விழுந்ததிலிருந்து அவளுக்கு என் காலில் நம்பிக்கை போய்விட்டது. பத்தாங் பெர்ஜுந்தாய் பட்டணத்துக் கடையிலிருந்து, ஊன்றி நடக்க ஒரு தொங்காட் கம்பு வாங்கி வந்துவிட்டாள். நான் தொடவில்லை. அதற்குத்தான் பந்தயம்: படம் முடிவதற்குள் நான் சிரித்தால் தொங்காட்டைப் பிடிக்க வேண்டும். சிரிக்காவிட்டால் அவள் அதைக் கடையில் திருப்பிக் கொடுக்க வேண்டும்.

கீழே பாயில் துணிக் குவியலை வைத்து, மடித்துக்கொண்டே பார்த்தோம். சிரிக்க என்ன இருக்கிறது? ஒருவன் ஏணியோடு திரும்புகிறான், பின்னால் நிற்பவன் விழுகிறான். மறுபடி திரும்புகிறான், மறுபடி விழுகிறான். எங்களை வேலை வாங்கும் மண்டோர் சைக்கிளோடு தோட்டத்துக் கால்வாயில் விழுந்ததைப் பார்த்தவள் நான். எழுந்தபோது அவர் சட்டைப் பையில் மீன் துள்ளியது. என்னிடமா இந்த வித்தை?

"விழவே தெரியல லா இவனுங்களுக்கு. விழுந்தா மொதல்ல எவன் பாத்தான்னு சுத்திப் பாக்க வேணாம்? இவன் பாட்டுக்கு எந்திரிச்சு ஓடுறான்!" என்றேன்.

அப்போது திரையில் வெள்ளை எழுத்து வந்தது. எழுந்துவிட்டேன்.

"எங்க அத்தை கெளம்பிட்டீங்க?"

"அதான் வணக்கம் போட்டுட்டானே."

எனக்கு எழுத்துத் தெரியாது. ஆனால் தோட்டத்துத் திடலில் துணி கட்டிப் படம் காட்டும்போது, கடைசியில் எழுத்து வந்தால் வணக்கம். பாயைச் சுருட்டிக்கொண்டு லயத்து வீட்டுக்கு நடக்க வேண்டும். அது மட்டும் தெரியும்.

"வணக்கம் இல்ல அத்தை. அவன் பேசுறத எழுதிக் காட்டுறாங்க. உக்காருங்க."

"வாயில்லாதவனுக்கு எழுத்து ஒண்ணுதான் கேடு."

இன்னொரு எழுத்து, இன்னொரு முறை எழுந்து உட்கார்ந்தேன். மூன்றாவது எழுத்துக்கு உடம்பு தானாகவே எழுந்தது. பாய் ஓரம் காலைத் தட்ட, துணிக் குவியலில் தொப்பென்று உட்கார்ந்தேன். உட்கார்ந்த கையோடு வாசலைப் பார்த்தேன், ஜன்னலைப் பார்த்தேன்.

"சரியா விழுந்தது நீங்க ஒருத்தர்தான் அத்தை. எவன் பாத்தான்னு பாத்தீங்க பாருங்க!"

சிரித்துத் தொலைத்தேன்.

"இது ஒன் படத்துக்கு வந்த சிரிப்பு இல்லடி!"

"படம் இன்னும் முடியல. பிடிங்க தொங்காட்ட."

பிடித்துக்கொண்டிருக்கிறேன். அந்த ஏணிக்காரன் மறுபடி டிவியில் வரட்டும், இதாலேயே ரெண்டு தட்டு.