முட்டையில் மீன் வாடை

சந்தையில் வஞ்சிரம் கிடைக்காமல் முட்டை வாங்கி வந்தேன். அவித்து உரித்ததும் கருவாட்டு வாடை அடித்தது.

சிறுவயதில் கோட்டுச்சேரிமேட்டுக் கடற்கரை முழுக்க அந்த வாடைதான். விசைப்படகுகள் அள்ளி வந்த பொடிமீனைக் கோழித் தீவனத்துக்காக மணலில் கொட்டிக் காயவைப்பார்கள். அம்மா கூலிக்கு அதைக் கிளறிவிடுவாள். பள்ளிக்கூடத்தில் என் பாவாடை நாற்றம் தாங்காமல் பக்கத்துப் பெண் தள்ளி உட்காருவாள்.

ஒருநாள் குவியலிலிருந்து விரல் நீளத்தில் மின்னிய ஒன்றை எடுத்துக் காட்டினேன்.

"வஞ்சிரக் குஞ்சுடி," என்றாள் அம்மா.

"பெருசானா எவ்வளவு இருக்கும்மா?"

"ஒன் ஒசரம் வரும், வளர விட்டா." வாங்கிக் குவியலிலேயே போட்டாள்.

இப்போது என் மகள் முட்டையை முகர்ந்தாள். "என்னம்மா மீன் நாத்தம்?"

"வஞ்சிரம்தான்," என்றேன். "சாப்பிடு."